டப்பா பிஸ்கட்டுக்கு மன்னிப்பு உண்டு, பாக்கெட் கிரேவிக்குக் கிடையாது

சாசேஜ் கிரேவியை முதன்முதலாகப் பார்க்கிற எந்தத் தமிழருக்கும் ஒரே எண்ணம்தான் வரும்: சினிமா போஸ்டர் ஒட்டக் காய்ச்சிய மைதா பசை. நிறமும் அதேதான், பதமும் அதேதான். சொல்லப்போனால் சேர்மானத்திலும் பாதி அதேதான். நடுநடுவே பழுப்பாக இறைச்சித் துணுக்குகள், மேலே நிறைய மிளகுப் பொடி. இதை இரண்டாகப் பிளந்த சுடச்சுட ரொட்டி மேல் ஊற்றி, காலை எட்டு மணிக்குத் தட்டில் வைத்து நீட்டுவார்கள். எந்தக் கோணத்தில் போட்டோ எடுத்தாலும் நன்றாக வராது. ஆனால் அமெரிக்காவின் வட கரோலைனாவில் குடியிருக்கிற என்னிடம் இந்த ஊர்ச் சாப்பாட்டில் எது பிடிக்கும் என்று யாராவது கேட்டால், பேர்போன பார்பிக்யூவுக்கு முன்னால் இதைத்தான் சொல்வேன்.

தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. இங்கே பிஸ்கட் என்றால் டீயில் தொட்டுச் சாப்பிடுகிற வகை இல்லை. ஈஸ்ட் இல்லாமல் பேக்கிங் பவுடரால் எழும்புகிற, உள்ளங்கை அகலத்தில், லேசான உப்புச் சுவையோடு இருக்கிற மெத்தென்ற ரொட்டி. சாசேஜும் தோலுக்குள் அடைத்த நீளக் குழல் இல்லை. சேஜ் என்கிற மூலிகை இலையும் மிளகும் உப்பும் சேர்த்துப் பிசைந்த பன்றிக் கொத்துக்கறி. உருளையாகச் சுற்றி, ஒரு பவுண்டு, அதாவது சுமார் 450 கிராம் எடையில் விற்பார்கள். ஜிம்மி டீன் என்ற நாட்டுப்புறப் பாடகர் 1969-இல் ஆரம்பித்த கம்பெனியின் சாசேஜ் நாடு முழுக்கக் கிடைக்கும். வட கரோலைனாக்காரர்கள் கொஞ்சம் பெருமையோடு க்ரீன்ஸ்பரோவின் நீஸ் சாசேஜைக் காட்டுவார்கள். அது 1917-இலிருந்து வருகிறது. எனக்கும் அதுதான்.

இந்தச் சாப்பாட்டைப் பற்றிப் பேச ஆரம்பித்தாலே ஒரு கூட்டம் வந்துவிடும். பிஸ்கட் மாவை உங்கள் கையாலேயே பிசைய வேண்டும், டப்பா மாவைத் தொட்டால் பாட்டியின் ஆவி மன்னிக்காது என்கிற கூட்டம். எனக்கு அவர்களோடு ஒத்துவரவில்லை. இந்தப் பிஸ்கட்டின் வரலாற்றைக் கொஞ்சம் புரட்டினாலே, அது முழுக்கக் குறுக்குவழிகளின் வரலாறு என்பது தெரியும்.

பேக்கிங் பவுடர் வருவதற்கு முன்னால் அமெரிக்கத் தென்மாநிலங்களின் பெரிய வீடுகளில் செய்தது அடித்த பிஸ்கட். மாவைப் பிசைந்து ஒரு மரக்கட்டையின் மேல் போட்டு, உருட்டுக்கட்டையாலோ கோடரியின் பின்பக்கத்தாலோ அரை மணி நேரம், சில சமயம் அதற்கு மேலும் அடித்து மடித்து, அடித்து மடித்து, காற்றை உள்ளே புகுத்த வேண்டும். வீட்டு ஆட்களுக்கு என்றால் முந்நூறு அடி, விருந்தாளிக்கு என்றால் ஐந்நூறு அடி என்று ஒரு கணக்கே சொல்வார்கள். அந்த அடியை அடித்தது யார் கை? பெரும்பாலும் அடிமைகளாக வைக்கப்பட்டிருந்த கறுப்பினப் பெண்களின் கை. அடிமைமுறை ஒழிந்த பிறகும் அற்பக் கூலிக்கு அதே கைகள்தான். “அந்தக் காலத்துப் பொறுமை” என்று யாராவது உருகும்போது, பொறுமையாக இருந்தது வேறு யாரோ என்பதையும் சேர்த்து நினைத்துக்கொள்வது நல்லது.

அப்புறம் சோடா உப்பு வந்தது, பேக்கிங் பவுடர் வந்தது. 1845-இல் இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரில் ஹென்றி ஜோன்ஸ் என்பவர், எழும்புவதற்கான பொருளையும் உப்பையும் முன்கூட்டியே கலந்து வைத்த செல்ஃப் ரைசிங் மாவுக்குக் காப்புரிமை வாங்கினார். அமெரிக்கத் தென்பகுதி பின்னாளில் அந்த மாவைச் சொந்த வீட்டுப் பிள்ளையாகவே தத்தெடுத்துக்கொண்டது. மலைப்பகுதிகளில் அதுவரை அன்றாட ரொட்டி மக்காச்சோள மாவில்தான். கோதுமை பிஸ்கட் ஞாயிற்றுக்கிழமை விஷயம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் இரும்பு உருளைகளால் கோதுமை அரைக்கிற ஆலைகள் பெருகி வெள்ளை மாவு மலிவானதும்தான் அது தினசரித் தட்டுக்கு வந்தது. டென்னசியின் நாக்ஸ்வில்லில் 1883-இல் தொடங்கிய வைட் லில்லி மாவை இன்றைக்கும் இந்தப் பக்கத்துப் பாட்டிகள் தெய்வத்துக்கு ஒரு படி கீழே வைத்திருக்கிறார்கள். காரணம் உண்டு. அது மென் கோதுமை மாவு, புரதம் குறைவு. புரதம் குறைந்தால் பிசையும்போது இழுவை குறையும், ரொட்டி பஞ்சாக வரும். பிரெட்டுக்கான மாவில் பிஸ்கட் செய்தால் மென்று மென்று தாடை வலிக்கும். 2008-இல் நாக்ஸ்வில் ஆலையை மூடி உற்பத்தியை வேறு மாநிலத்துக்கு மாற்றினார்கள். மாவு முன்போல் இல்லை என்று முணுமுணுப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

1930-இல் ஜெனரல் மில்ஸ் கம்பெனியின் விற்பனை அதிகாரி கார்ல் ஸ்மித் ரயிலில் போய்க்கொண்டிருந்தார். சாப்பாட்டுப் பெட்டியில் நேரம் தப்பிப் போய் உட்கார்ந்தும், சூடான பிஸ்கட் சட்டென்று வந்து நின்றிருக்கிறது. விசாரித்தால், சமையல்காரர் மாவு, பன்றிக் கொழுப்பு, பேக்கிங் பவுடர், உப்பு எல்லாவற்றையும் முன்பே கலந்து ஐஸ் பெட்டியில் வைத்திருந்தாராம். அடுத்த வருடமே பிஸ்குவிக் என்ற பெயரில் அது கடைக்கு வந்துவிட்டது. அதிகாரியின் பெயர் வரலாற்றில் இருக்கிறது, சமையல்காரரின் பெயரை யாரும் எழுதி வைக்கவில்லை. அதே 1931-இல் கென்டக்கியின் லூயிவில்லில் லைவ்லி வில்லபி என்பவர் இன்னொரு காப்புரிமை வாங்கினார். வெட்டின பச்சை பிஸ்கட்டை அட்டைக் குழலுக்குள் அழுத்தி அடைத்துக் குளிரில் வைக்கும் முறை அது. இன்று பில்ஸ்பரி பெயரில் விற்கிற, ஸ்பூனால் அழுத்தினால் ‘டப்’ என்று வெடித்துத் திறக்கிற டப்பா அதன் வாரிசுதான்.

ஆக, குறுக்குவழி தப்பா என்பது என் கேள்வியே இல்லை. எதில் குறுக்குவழி என்பதுதான் கேள்வி. பிஸ்கட்டில் தாராளமாகச் செய்யலாம். கிரேவியில் கூடாது. ஏனென்றால் அதில் சுருக்குவதற்கு ஒன்றுமே இல்லை. அதுவே பதினைந்து நிமிட வேலை.

கடையில் உள்ள கிரேவி பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படித்துப் பாருங்கள். மாவு, ஸ்டார்ச், பால் பொடி, உப்பு, பிறகு வாசனைக்கு ஏதோ. அதைத் தண்ணீரில் கரைத்துக் கொதிக்க வைத்துக் கிளறும் நேரத்தில் நிஜக் கிரேவியே முடிந்துவிடும். நேரமும் மிச்சமாகவில்லை, ருசியும் வரவில்லை என்றால் அது என்ன குறுக்குவழி? இந்தக் கிரேவியின் ருசி சட்டியின் அடியில்தான் இருக்கிறது. கறி வறுபடும்போது அடியில் பழுப்பாக ஒட்டுகிறதே, அதுவும் கறி விடுகிற கொழுப்பும்தான் குழம்பே. மாவும் பாலும் அதைச் சாப்பிடுகிற அளவுக்குப் பெருக்கிக் கொடுக்கின்றன, அவ்வளவுதான்.

பெருக்குவதுதான் அந்தக் காலத்தில் நோக்கமும். தென் அப்பலாச்சியன் மலைகளில் பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியிலிருந்து மரவெட்டு முகாம்கள் பெருகின. ஸ்மோக்கி மலையில் டவுன்செண்ட் ஊரில் 1901-இல் வந்த லிட்டில் ரிவர் லம்பர் கம்பெனி ரயில் பாதை போட்டே காட்டை வெட்டி இறக்கியது. அந்தக் காடுகளின் பெரும்பகுதி 1934-இல் தேசியப் பூங்காவுக்குள் வந்துவிட்டது. இன்று நாம் குடும்பத்தோடு போய்க் கரடி தெரிகிறதா என்று தேடுகிற இடம்தான். விடியலில் ரம்பம் பிடிக்கப் போகிறவனுக்கு மலிவாகவும் மதியம்வரை தாங்குகிற மாதிரியும் சாப்பாடு வேண்டும். கொஞ்சம் இறைச்சி, அதன் கொழுப்பு, மாவு, பால். ரம்ப ஆலையின் பெயரிலேயே இதை இன்னும் அழைக்கிற ஊர்கள் உண்டு. பன்றியும் சேஜும் மலைக் குடியானவர்கள் வீட்டிலேயே இருந்தவை. குளிர்சாதனப் பெட்டி இல்லாத நாளில், முதல் கடுங்குளிர் விழுந்த பிறகுதான் பன்றி அடிப்பார்கள், கறி கெடாமல் இருக்க. தொடையும் தோளும் உப்பில் ஊறப் போகும். வெட்டி மிஞ்சின துண்டுகள் சாசேஜாகும்.

எங்கள் எதிர்வீட்டு அம்மாள் ஆஷ்வில்லுக்கு மேற்கே ஒரு மலையூரில் பிறந்தவர். எழுபதைத் தாண்டிவிட்டார். அவர் கிரேவி கிண்டும்போது பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். அளவு கேட்டால் பதில் வராது, “சட்டியே சொல்லும், ஹனி” என்பார். சட்டி எனக்குச் சொன்னதை அளவோடு எழுதுகிறேன்.

வார்ப்பிரும்புச் சட்டி இருந்தால் நல்லது. டென்னசியின் சவுத் பிட்ஸ்பர்க்கில் லாட்ஜ் கம்பெனி 1896-இலிருந்து இதையே வார்த்துக்கொண்டிருக்கிறது, விலையும் கையைக் கடிக்காது. நான்ஸ்டிக் வேண்டாம். ஒட்டாத சட்டியில் அந்தப் பழுப்பும் சரியாக ஒட்டாது. நடுத்தரத் தீயில் ஒரு பவுண்டு சாசேஜைப் போட்டு உதிர்த்து விடுங்கள். போட்டவுடன் கிளறிக்கொண்டே இருக்கக் கூடாது. ஒரு பக்கம் நன்றாகச் சிவந்த பிறகு திருப்புங்கள். எட்டு நிமிடம் போல ஆகும். பழைய முறையில் இந்தக் கட்டத்தில் கறியைத் தனியே எடுத்து, கொழுப்பை அளந்து, அதில் மாவை வறுத்து, கடைசியில் கறியைத் திரும்பச் சேர்ப்பார்கள். அது தேவையே இல்லை. கால் கப் மைதாவைக் கறியின் மேலேயே தூவி, ஈரம் தெரியாத அளவுக்குப் புரட்டினால் போதும். கிரேவியில் நான் ஒத்துக்கொள்கிற ஒரே குறுக்குவழி இதுதான், ருசியில் எதையும் குறைப்பதில்லை. மாவுத் துகளைக் கொழுப்பு சூழ்ந்துகொள்வதால் பால் ஊற்றும்போது கட்டியும் தட்டாது.

பச்சை மாவு வாசனை போக இரண்டு நிமிடம் புரட்டுங்கள். பிறகு மூன்று கப் பால். கொழுப்பு நீக்காத பால்தான் வேண்டும். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்தபடியே ஊற்றலாம், சூடாக்க வேண்டியதில்லை. முதலில் அரைக் கப் மட்டும் ஊற்றி, மரக்கரண்டியால் அடியைச் சுரண்டிச் சுரண்டிப் பழுப்பைக் கரையுங்கள். அது கெட்டியானதும் மீதியை ஊற்றிக் கொதிக்க விட்டு, தீயைக் குறைத்து ஐந்து நிமிடம் விடுங்கள். நன்கு கொதித்த பிறகுதான் மாவு தன் முழுக் கெட்டித்தன்மையைக் காட்டும், அதனால் நீர்த்திருக்கிறதே என்று அவசரப்பட்டு இன்னும் மாவு போடாதீர்கள். கரண்டியின் முதுகில் விரலால் கோடு இழுத்தால் கோடு அப்படியே நிற்கும் பதத்தில் இறக்கிவிடலாம். தட்டுக்குப் போய் ஆறும்போது இன்னும் இறுகும். அப்படியும் நீர்த்தே இருந்தால், வோண்ட்ரா என்று 1963-இலிருந்து விற்கிற பதப்படுத்திய மாவைச் சிட்டிகை சிட்டிகையாகத் தூவலாம். நேராகப் போட்டாலும் கட்டி தட்டாது.

கடைசியில் மிளகு. ஒரு டீஸ்பூன், புதிதாக, கரகரப்பாகப் பொடித்தது. மிளகில் நமக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை, கை தாராளமாகவே போகட்டும். உப்பு மட்டும் ருசி பார்த்துவிட்டுப் போடுங்கள். சாசேஜிலேயே நிறைய இருக்கும். இஞ்சி பூண்டு விழுது, சோம்பு, மஞ்சள் என்று கை நீளும். எனக்கும் நீண்டதுண்டு, தட்டி விடுங்கள். சோம்பு போட்டால் இத்தாலிய சாசேஜின் வாசனை வந்துவிடும், சேஜ் பின்னால் ஒளிந்துகொள்ளும். காரம் வேண்டும் என்றால் மேசையில் டெக்சஸ் பீட் என்கிற மிளகாய் சாஸ் பாட்டிலை வையுங்கள். பெயரைப் பார்த்து ஏமாற வேண்டாம், அது இதே வட கரோலைனாவில் வின்ஸ்டன்-சேலம் நகரில் தயாராவது.

சரி, பிஸ்கட்டுக்கு வருவோம்.

எதிர்வீட்டு அம்மாளின் அம்மா காலத்தில் மாவு ஒரு பெரிய மரக்கிண்ணத்தில் எப்போதும் இருக்குமாம். நடுவில் குழி பறித்து, அதில் பன்றிக் கொழுப்பும் மோரும் விட்டு, விரல் நுனியால் சுற்றிலும் இருக்கிற மாவைக் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே இழுத்து, தேவையான அளவு மட்டும் பிசைந்து, கிள்ளி உருட்டி வைப்பார்கள். மிச்ச மாவு அப்படியே மூடி அடுத்த நாளுக்கு. இதை விரலால் காற்றில் செய்து காட்டினார், பார்க்க அவ்வளவு அழகாக இருந்தது. காட்டி முடித்துவிட்டு ஃப்ரீசரைத் திறந்து, கடையில் வாங்கின உறைந்த பிஸ்கட் பையை எடுத்தார். அதிலிருந்து ஆறேழு பிஸ்கட்டைத் தட்டில் அடுக்கி ஓவனில் தள்ளிவிட்டார். முகத்தில் எந்தக் குற்ற உணர்ச்சியும் இல்லை. காலையில் மாத்திரை போட வேண்டும், அதற்கு முன் சாப்பிட வேண்டும், அவ்வளவுதான்.

என் அனுபவத்திலும் கடைக் குறுக்குவழிகளில் அந்த உறைந்த பிஸ்கட்தான் முதலிடம். நன்றாக எழும்பும், மாவு ருசியும் இருக்கும். வேண்டிய எண்ணிக்கையை மட்டும் எடுத்துக்கொண்டு மீதியைத் திரும்ப வைத்துவிடலாம். வெடிக்கிற டப்பா இரண்டாமிடம். ஏடு ஏடாகப் பிரியும், குழந்தைகளுக்கு அதைத் திறப்பதே விளையாட்டு. ஆனால் லேசான இனிப்பும் நாக்கின் ஓரத்தில் ஒரு சோடாச் சுவையும் உண்டு. கிரேவி ஊற்றினால் பாதி மறையும். பிஸ்குவிக்கில் செய்வது நொறுங்கும், பான்கேக்குக்கு அது பரவாயில்லை.

இவை எல்லாவற்றையும் விட நான் சனிக்கிழமைகளில் செய்வது இரண்டே பொருளில் முடிகிறது: செல்ஃப் ரைசிங் மாவும் ஹெவி கிரீமும். வெண்ணெயைத் துருவி மாவில் பிசிறுகிற வேலை இல்லை, கிரீமுக்குள்ளேயே கொழுப்பு இருக்கிறது. இரண்டு கப் மாவில் ஒன்றேகால் கப் குளிர்ந்த கிரீமை ஊற்றி, முள்கரண்டியால் கலக்குங்கள். மாவு உதிரியாகவே நின்றால் இன்னும் கொஞ்சம் ஊற்றலாம், மொத்தம் ஒன்றரைக் கப்பைத் தாண்ட வேண்டாம். ஒன்று சேர்ந்ததும் நிறுத்திவிட வேண்டும். சப்பாத்திக்குப் பிசைந்து பழகின கைக்கு இந்த இடத்தில் நிறுத்துவதுதான் கஷ்டம். சொரசொரப்பாக, முடியாத வேலை மாதிரித் தெரியும், தெரியட்டும். பலகையில் மாவு தூவி, கையாலேயே முக்கால் அங்குல கனத்துக்குத் தட்டி, இரண்டு மூன்று முறை மடித்துத் தட்டினால் ஏடு வரும். வட்ட அச்சு வேண்டாம். கத்தியால் சதுரமாக வெட்டினால் ஓரத்தில் எதுவும் மிஞ்சாது, மிஞ்சினதைத் திரும்பப் பிசைந்து கடினமாக்குகிற வேலையும் இல்லை. கத்தியை நேராக அழுத்தி எடுங்கள். இழுத்து அறுத்தால் ஓரம் ஒட்டிக்கொண்டு ஒரு பக்கமாகச் சாய்ந்து எழும்பும். ஒன்றை ஒன்று தொடும்படி நெருக்கி அடுக்கி, 230 டிகிரி செல்சியஸில் பன்னிரண்டிலிருந்து பதினைந்து நிமிடம். ஓவன் முழுச் சூடு ஏறிய பிறகே உள்ளே வையுங்கள். முதல் சில நிமிடத்தின் ஆவிதான் அதைத் தூக்கி நிறுத்துகிறது.

ஓவனில் பிஸ்கட்டை வைத்துவிட்டுச் சட்டியில் சாசேஜைப் போட்டால் இரண்டும் ஏறக்குறைய ஒரே சமயத்தில் முடியும்.

செல்ஃப் ரைசிங் மாவு இல்லாத வீட்டில் ஒரு கப் மைதாவுக்கு ஒன்றரை டீஸ்பூன் பேக்கிங் பவுடர், கால் டீஸ்பூன் உப்பு. சென்னையிலோ கோவையிலோ முயல்கிறவர்கள் கிரீமைக் கவனிக்க வேண்டும். அமுல் ஃப்ரெஷ் கிரீமில் 25 சதவீதக் கொழுப்புதான், இங்குள்ள ஹெவி கிரீமில் குறைந்தது 36. அதனால் இரண்டு கப் மாவில் ஐம்பது கிராம் உறைந்த வெண்ணெயைத் துருவிப் போட்டுவிட்டு, கிரீமை ஒரு கப்பில் நிறுத்திக்கொண்டு, தேவைப்பட்டால் மட்டும் கூட்டுங்கள். சேஜ் போட்ட சாசேஜும் சுலபமாகக் கிடைக்காது. அரைக் கிலோ கொத்துக்கறியில் ஒன்றரை டீஸ்பூன் காய்ந்த சேஜ், ஒரு டீஸ்பூன் உப்பு, அரை டீஸ்பூன் மிளகு, சிட்டிகை மிளகாய்த் துகள், ஒரு டீஸ்பூன் நாட்டுச் சர்க்கரை போட்டுப் பிசைந்து ஒரு இரவு ஃப்ரிட்ஜில் வைத்தால் கிட்டத்தட்ட அந்த வாசனை வந்துவிடும். பன்றி சாப்பிடாதவர்கள் கோழிக் கொத்துக்கறியில் இதையே செய்யலாம், ஆனால் அது கொழுப்பு விடாது. இரண்டு மேசைக்கரண்டி வெண்ணெய் சேர்க்காவிட்டால் மாவு வறண்டு நிற்கும்.

என் மனைவி சைவம். அவளுக்காகப் பொடியாக நறுக்கின காளானை வெண்ணெயில், நீர் முழுக்க வற்றி ஓரம் சிவக்கும்வரை வதக்கி, சேஜும் மிளகும் போட்டு, அதன்மேல் மாவு தூவிப் பாலூற்றுவேன். காளான் பொறுமை கேட்கும், கறியைவிட ஐந்து நிமிடம் கூடுதலாக. இதற்குச் சாசேஜ் கிரேவி என்று பெயர் வைக்கக் கூடாது என்று எதிர்வீட்டு அம்மாள் சொல்லிவிட்டார். சொல்லிவிட்டு இரண்டாம் முறையும் வாங்கிச் சாப்பிட்டார்.

தினமும் சாப்பிடுகிற பொருளா என்றால் இல்லை. மரம் வெட்டப் போகிறவனுக்காக வந்ததை, நாற்காலியில் உட்கார்ந்து கணினி தட்டுகிறவன் எப்போதாவதுதான் சாப்பிட வேண்டும். சாப்பிட்ட அன்றைக்கு மதியச் சோற்றை நான் தள்ளிவிடுவேன், வேண்டியும் இருக்காது.

மிஞ்சின கிரேவி ஃப்ரிட்ஜில் கல்லாக இறுகிவிடும். பயப்படாதீர்கள், பால் ஊற்றிச் சிறு தீயில் கிளறினால் தளரும். மூன்று நாள்வரை வைத்துக்கொள்ளலாம், உறைய வைத்தால் மட்டும் திரிந்த மாதிரி ஆகிவிடும். பச்சை பிஸ்கட் அப்படி இல்லை. வெட்டின கையோடு தட்டில் உறைய வைத்துப் பையில் போட்டுவிட்டால், வேண்டும்போது எடுத்து நேராக ஓவனுக்கு அனுப்பலாம், சூட்டைக் கொஞ்சம் குறைத்து, நேரத்தைக் கூட்டி. வெந்து மிஞ்சினதை இரண்டாகப் பிளந்து வெண்ணெயில் வாட்டி, இந்த மலைக்காரர்கள் சோளத்தட்டையைப் பிழிந்து காய்ச்சுகிற சார்கம் பாகை ஊற்றிச் சாப்பிடலாம். அது கிடைக்காத ஊரில் வெல்லப்பாகு போதும், கம்பிப் பதத்துக்கு விடாமல் தளர்வாகக் காய்ச்சினது.